அவள் ரயில் ஏறிவிட்டாள், அக்கா

அக்கா, எட்டாவது சிடியின் காகித உறையில் உன் மஞ்சள் விரல் இன்னும் பதிந்தே இருக்கிறது. இன்று பெரம்பலூர் பிரவுசிங் சென்டரில் நாம் பார்த்த ஜப்பான் தொடரின் அதே கடைசிக் காட்சி, கீழே ஆங்கிலத்தில் வசனங்களோடு கிடைத்தது. பார்த்தேன். அழுகை வரவில்லை. பஸ் ஏறி கீழப்பழுவூர் வீட்டுக்கு வந்துவிட்டேன்.

ஜப்பான் தொடர்களைப் பற்றிப் பேசும் இணையக் குழுவில் பழகிய ஒருத்தி கூரியரில் அனுப்பிய சிடிகள் அவை. அவற்றில் கீழே வசனம் ஓடாது. நானாகக் கற்ற ஜப்பானியத்தை வைத்துக்கொண்டு உனக்குத் தமிழில் துள்ளித் துள்ளிச் சொல்வேன். "ஏய் ஜப்பான்காரி, மெதுவா சொல்லுடி. அவ அழுவுறப்ப நானும் அழுவணும்ல!" என்பாய், பூண்டு உரித்தபடி.

தொடரில் வருவது விடுதி நடத்தும் குடும்பம். இரண்டு பெண்கள், மகன் இல்லை. மூத்தவளைக் கட்டுகிறவன் அந்த வீட்டுக்கே வந்து, அந்த வீட்டுப் பெயரையே ஏற்க வேண்டும். அவளுக்கோ டோக்கியோ வேலை மேல் ஆசை.

"பேரையே வுட்டுட்டு வரானா? அப்பாகிட்ட சொல்லிடாதடி, ஜப்பான்லயே மாப்ள தேடுவாரு!"

நம் வீட்டிலும் மகன் இல்லை. அப்பா உனக்கு வீட்டோடு மாப்பிள்ளை பேசி முடித்திருந்தார். உன் சென்னை வேலைக்கான ஆர்டர் அரிசி டின்னுக்குள் கிடந்தது. "பெரியவ போனா என்ன, சின்னவ இருக்கால்ல" என்று அப்பா சொன்னதை நான் கேட்டிருந்தேன்.

தொடரின் கடைசியில் அந்த மூத்தவள் ரயில் ஏறினாள். ரயில் ஓட ஓட அவள் குரல் மட்டும் பேசியது.

"என்னடி சொல்றா?"

"அடுத்த ஸ்டேஷன்லயே எறங்கி வூட்டுக்கு வந்துட்டேங்கறா."

"அவளுமா?" என்றாய். மறுநாள் ஆர்டரை அடுப்பில் போட்டாய்.

ரயிலில் அவள் உண்மையில் சொன்னது எளிய வாக்கியம். எனக்கு அன்றே புரிந்தது. 'நீ போ, நான் பாத்துக்கறேன்னு தங்கச்சி சொன்னா. அதனாலதான் ஏறினேன்.'

பிரசவத்துக்கு ஆஸ்பத்திரி போன நீ திரும்பவில்லை. நேற்று அப்பா, "பச்சப்புள்ளைக்கு வேற யாரு இருக்கா? மாப்ளையும் சரின்னுட்டாரு" என்றார். சரிங்கப்பா என்றேன். எதுவும் தோன்றவில்லை.

இப்போது உன் மகள் என் இடுப்பில் இருந்துகொண்டு சிடி உறையைப் பிடுங்கிச் சப்புகிறாள். மஞ்சள் கரைகிறது. நான் தடுக்கவில்லை.

"அவ ஏறிட்டாடி" என்று அவளிடம் சொன்னேன். "எறங்கவே இல்ல."