கொம்பம்மாளின் எல்லை

பொன்னேரி
6.1.2025

அன்புள்ள ராஜவேலுவுக்கு,

நலம். உன் நலமும் மணல்மேட்டுக்குப்பத்து அறுபத்திரண்டு குடும்பங்களின் நலமும் அறிய ஆவல். இதைப் போனில் சொல்லக் கூடாதா என்று கேட்பாய். போனில் சொன்னதை நாளை நீ மறப்பாய், நான் மறுப்பேன். ஆகவே தாள்.

ஏரியின் கிழக்குத் திட்டை ஒட்டிய இறால் பாடு உங்களுடையதா, ஓடைக்குப்பத்தாருடையதா என்பதுதான் வழக்கு. சீட்டுக் குலுக்கி, முறை வைத்து, அவரவர் நாளில் வலை விடும் நீர்ப்பரப்பைப் பாடு என்பார்கள் என நீதிமன்றத்துக்கு விளக்கியாயிற்று. திட்டில் நிற்கும் இரும்புச் சாமி கொம்பம்மாளே எல்லை, அவளுக்குக் கிழக்கே உங்களுக்கு உரியது என்றும் சொல்லியாயிற்று. அவள் ஒல்லாந்தர் கப்பலின் இரும்பு, முந்நூறு ஆண்டுகளாக அங்கே இருக்கிறாள் என்று நீ சொன்னபடியே பிரமாண வாக்குமூலத்தில் எழுதினேன். நீயும் கையெழுத்திட்டாய். இப்போது எதிர்த்தரப்பு சான்று கேட்கிறது.

எனவே அவள் மேல் படிந்திருக்கும் மஞ்சளையும் சிப்பியையும் ஒரு பக்கமாவது சுரண்டிப் பார். எழுத்தோ எண்ணோ தெரிந்தால் படம் எடுத்து அனுப்பு. சாமியைச் சுரண்டச் சொல்வதற்கு என்னை மன்னிக்க வேண்டும். பள்ளிக்கு மட்டம் போட்ட நாட்களில் என் புத்தகப் பையை அவள் கொம்பில்தான் மாட்டினேன். அந்த உரிமையில் கேட்கிறேன்.

உன் மகள் நந்தினி சட்டப் படிப்பை முடித்ததும் என் அலுவலகத்தில் அவளுக்கு ஒரு மேசை உண்டு. சொல்லிவை.

உன்
பஷீர்


மணல்மேட்டுக்குப்பம்
12.1.2025

வக்கீல் பஷீருக்கு,

ராஜவேலு சொல்லச் சொல்ல நந்தினி எழுதுவது. நைனா பேசுவதைத் திருத்தி எழுதுகிறேன் மாமா. சில இடங்கள் திருந்தவில்லை.

இங்கே எல்லாரும் சுகம். நீ சொன்னபடி உளியும் சுத்தியலும் கொண்டுபோய்ச் சுரண்டினோம். கருவாடு காயவைக்கும் அங்காளம்மாள் குறுக்கே வந்து நின்றுகொண்டாள். “சாமியச் சொரண்டித்தான் கேஸ் ஜெயிக்கணுமா? அந்த வக்கீல் வூட்டுச் செவுத்தப் போய் சொரண்டுங்கடா” என்று ஒரே ஏச்சு. உனக்கும் சேர்த்து நானே வாங்கிக்கொண்டேன்.

சிப்பி லேசில் விடவில்லை. கூட வந்த கோபால் நாலு அடி போட்டான். வயிற்றில் பட்ட அடி கோயில் மணி மாதிரி கேட்டது. கொம்பில் பட்டபோது உள்ளே கண்ணாடி நொறுங்குவது போல ஒரு சத்தம். அதற்கப்புறம்தான் எழுத்து தெரிந்தது. இங்கிலீஷ் எழுத்து இரண்டு, கீழே ஏதோ எண்கள். ஒல்லாந்தர் எழுத்தும் இங்கிலீஷ் மாதிரிதான் இருக்கும் என்கிறான் கோபால்.

படம் மூன்றும் நண்டு ஒரு பையும் பஸ்ஸில் கொடுத்தனுப்புகிறேன். நண்டு உயிரோடு இருக்கும்போதே வீட்டில் தஸ்லீமாவிடம் கொடுத்துவிடு. கோர்ட்டில் வைத்து வாய்தா வாங்காதே.

ராஜவேலு


பொன்னேரி
15.1.2025

ராஜவேலு,

நேற்று போனில் கத்தியது நான்தான். இருபத்தாறு ஆண்டுத் தொழிலில் நான் குரல் உயர்த்தியதில்லை. சொன்னதைத் தாளிலும் வைக்கிறேன்: யாரும் கொம்பம்மாளின் அருகே போகக் கூடாது. பூசைக்கும் போகக் கூடாது.

படங்களைப் பக்கத்து வீட்டு முரளியிடம் காட்டினேன். அவர் கடற்படையில் இருந்து ஓய்வு பெற்றவர். படத்தைப் பார்த்தவர் காப்பி டம்ளரை மிக மெதுவாகத் தரையில் வைத்தார். “சார், இதுகிட்ட எத்தினி பேர் குடியிருக்காங்க?” என்று மட்டும் கேட்டார். இரண்டாம் உலகப் போரில் கப்பல்களை உடைக்கக் கடலில் மிதக்கவிட்ட கண்ணிவெடி அது. முகத்துவாரம் வழியாக ஏரிக்குள் வந்து தரைதட்டியிருக்க வேண்டும் என்கிறார். கொம்புகள்தான் அதன் விசை. அவற்றுக்குள் கண்ணாடிக் குப்பி இருக்குமாம். குப்பி உடைந்தும் ஏன் வெடிக்கவில்லை என்பதற்கு அவரிடம் விடை இல்லை.

நந்தினியின் கடிதத்தில் கண்ணாடி நொறுங்கும் அந்த வரியைப் பதினொரு முறை படித்துவிட்டேன். சுரண்டச் சொன்னவன் நான். பை மாட்டியவனும் நான். நீங்கள் ஆண்டுதோறும் சீட்டுக் குலுக்கியது அதன் தலைமேல்.

வட்டாட்சியருக்கும் காவல் நிலையத்துக்கும் எழுத்து மூலமாகத் தெரிவித்துவிட்டேன். உன்னைக் கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டியதில்லை என்றே கருதுகிறேன்.

இன்னொன்று. அதற்கு வயது ஏறக்குறைய எண்பது. அப்படியானால் முந்நூறு ஆண்டு எல்லை எங்கிருந்து வந்தது? நிதானமாக யோசித்து, உள்ளது உள்ளபடி எழுது.

பஷீர்


மணல்மேட்டுக்குப்பம்
9.2.2025

பஷீருக்கு,

நந்தினிதான் எழுதுகிறாள்.

இரண்டு நாள் எங்களை டவுன் பள்ளிக்கூடத்தில் வைத்திருந்தார்கள். உங்கள் ஜமாத்தார்தான் சோறு போட்டார்கள். மூன்றாம் தேதி காலை பத்தே கால் மணிக்கு வெடிகுண்டுக்காரர்கள் அவளை வெடிக்கவைத்தார்கள். அவ்வளவு தூரத்திலும் பள்ளிக்கூடத்துக் கரும்பலகை கழன்று விழுந்தது. அங்காளம்மாள் காதைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்தவள், மாலை வரை கையை எடுக்கவில்லை.

திட்டு இரண்டாகப் பிளந்துவிட்டது. அவள் இருந்த இடம் பள்ளம். படகுக் கோல் எட்டவில்லை. நடுவே புதிதாக ஓடை ஓடுகிறது. எந்தப் பக்கம் கிழக்குத் திட்டு என்று எனக்கே தடுமாறுகிறது.

நீ கேட்டதற்கு வருகிறேன். எனக்குக் குப்பத்துத் தலைமை வந்த அன்று என்னுடைய நைனா என்னைப் படகில் ஏற்றி நடு ஏரிக்குக் கொண்டுபோனார். மூன்றாவது காது கேட்கக் கூடாது என்றுதான் அங்கே. சண்டை நடந்த வருசம், ஜப்பான்காரன் வருகிறான் என்று பட்டாளம் இரண்டு குப்பத்தையும் காலி பண்ணியிருக்கிறது. எங்கள் ஆட்கள்தான் முதலில் திரும்பினார்கள். வந்து பார்த்தால் திட்டில் இரும்பு ஒதுங்கிக் கிடக்கிறது. ஓடைக்குப்பத்தார் வருவதற்கு மேலும் ஒரு வருசம் ஆனது. அதற்குள் அதற்கு மஞ்சள் பூசி, பேர் வைத்து, சாமி போட்ட கோடு என்று சொல்லி வலை விட்டுவிட்டோம். அதற்கு முன்னால் அந்தப் பாடு முழுவதும் அவர்களுடையது.

இனி நைனா சொன்னது அப்படியே:

“எனக்குத் தெரியும் பஷீரு. உன் எதிர்ல கையெழுத்துப் போடும்போதும் தெரியும். இத நீ எங்கியும் எழுதிடாத. அறுவத்திரண்டு அடுப்பு.”

இதை எழுத மாட்டேன் என்றேன் மாமா. வக்கீலிடம் மறைக்கக் கூடாது, எழுது என்றார்.

ராஜவேலு


பொன்னேரி
16.3.2025

திரு. ராஜவேலு அவர்களுக்கு,

கடந்த மாதம் எழுதிய இரண்டு கடிதங்களுக்கும் தங்களிடமிருந்து பதில் இல்லை. ஓடைக்குப்பத்தாருடன் உட்கார்ந்து பேசி, மாதம் மாற்றி மாதம் இறால் பாட்டைப் பகிர்ந்துகொள்ளலாம் என்று அவற்றில் எழுதியிருந்தேன். நோன்பு தொடங்கியதும் வழக்கம்போல் தஸ்லீமா கஞ்சி அனுப்பினாள். தூக்கு திறக்கப்படாமல் அதே பேருந்தில் திரும்பி வந்தது.

நான் வக்காலத்திலிருந்து விலகினேன். காரணம் சொல்லவில்லை. கட்சிக்காரர் தன் வழக்கறிஞரை நம்பிச் சொன்னது அவரோடு புதைய வேண்டியது. அதில் தங்களுக்கு ஐயம் வேண்டாம்.

வெள்ளியன்று தங்கள் புதிய வழக்கறிஞர் தாக்கல் செய்த வாக்குமூலத்தை நீதிமன்றத்தில் நின்றபடியே படித்தேன். நான்காம் பத்தி: ‘மேற்படி எல்லையானது திட்டின் நடுவே தொன்றுதொட்டு, எங்கள் மூதாதையர் காலம் முதல் இருந்துவரும் ஆழ்பள்ளமே ஆகும், இரும்பு அப்பள்ளத்துக்கு அடையாளமாகப் பிற்காலத்தில் நின்றது மட்டுமே.’ கீழே தங்கள் கையெழுத்து. அதனடியில் சாட்சியாக நந்தினி. அந்தக் கையெழுத்தை எனக்குத் தெரியும்.

பிப்ரவரி ஒன்பதாம் தேதியிட்ட கடிதத்தை இத்துடன் திருப்பி அனுப்புகிறேன். என் மேசைக்கு வந்த எந்தத் தாளுக்கும் நான் நகல் எடுக்காமல் விட்டதில்லை. இதற்கு எடுக்கவில்லை.

தொன்றுதொட்டு இருந்துவரும் அந்தப் பள்ளத்துக்கு இன்றோடு நாற்பத்தொரு நாட்கள் ஆகின்றன. அதன் கரை இன்னும் சரிந்துகொண்டிருக்கும் என்று முரளி சொல்கிறார். சீட்டுக் குலுக்க அங்கே போகும்போது பிள்ளைகளை அழைத்துப் போக வேண்டாம்.

இப்படிக்கு,
கே. பஷீர்
வழக்கறிஞர்