ஆறு புள்ளிக்கு ஒரு துண்டு தொதல்

பாய்,

வரிசை போட்டுக்கொள்ளாமல் எனக்கு எதுவும் எழுத வராது என்பது உங்களுக்குத் தெரியும். இந்த மடலில் சொல்ல நினைப்பவை:

1. இன்று காலை வந்த தொதல் டப்பா.
2. நாம் அமெரிக்க ஃபுட்பால் பார்த்த விதம்.
3. கடைசி ஆட்டத்தில் நான் உங்களை ஏமாற்றியது.
4. அன்று அந்த அறையில் முடிவு தெரிந்தவன் நான் ஒருவன்தான் என்பது.

டப்பாவை உங்கள் வீட்டம்மா மருமகளிடம் கொடுத்தனுப்பியிருந்தார்கள். மூடியைத் திறந்ததும் தேங்காய்ப்பாலும் கருப்பட்டியும் சேர்ந்து வெந்த அந்த அல்வா வாசனை. அப்புறம்தான் காலண்டரைப் பார்த்தேன். நம் அணியின் சீசன் தொடங்கும் சனிக்கிழமை. நீங்கள் இல்லாத முதல் சீசன்.

உங்கள் மகன் படித்த பல்கலைக்கழகம் என்பதால் அது உங்கள் அணி. நீங்கள் பார்த்ததால் எனக்கும் அணி. கோவையில் முப்பது வருடம் புள்ளியியல் நடத்திவிட்டு, அமெரிக்காவில், இந்த ரவுண்ட் ராக்கில் மகள் வீட்டோடு வந்துவிட்டவன் நான். ஹெல்மெட் போட்டவர்கள் ஒருவர்மேல் ஒருவர் விழுவதைப் பார்த்தாலே எனக்குப் பதறும்.

"பயப்படாதீங்க சார். நாலு சான்ஸ், பத்து கஜம். அதுக்குள்ள நகரணும். நகரலேன்னா பந்தை எதிராளிகிட்ட குடுத்துட்டு வரணும். அம்புட்டுதான்."

நம் ஆள் பந்தோடு எல்லைக்குள் போனால் ஆறு புள்ளி. ஆறு புள்ளிக்கு ஆளுக்கு ஒரு துண்டு தொதல். அதற்கு முன்னால் ஒரு விள்ளல்கூடக் கிடையாது. என் சர்க்கரைக்கு இது நல்ல ஏற்பாடு என்றேன். "உங்க சர்க்கரை இவனுங்க கையிலதான் சார் இருக்கு" என்றீர்கள். ஒவ்வொரு ஆட்டத்தையும் நான் நோட்டில் குறித்து வைத்தேன். "வாத்தியார் வேலை பாத்தீங்களா, கிளார்க் வேலை பாத்தீங்களா?" என்று கேட்பீர்கள். நான்காவது சான்ஸ் வந்தால் கண்ணை மூடிக்கொள்வேன். என்ன நடந்தது என்று நீங்கள் சொல்லித்தான் எழுதுவேன்.

போன சீசனில் நம் அணி ஒரே ஒரு முறைதான் தோற்றிருந்தது. கடைசி ஆட்டத்தையும் வென்றால் பட்டத்துக்கான ஆட்டம். அந்த வாரம்தான் உங்களை ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள்.

"ரெக்கார்ட் பண்ணி வைங்க சார். ஞாயித்துக்கிழமை விட்டுருவாங்க, ஒண்ணா பாப்போம். நீங்க முன்னாடி பாத்துரக் கூடாது. சத்தியமா?"

"சத்தியமா, பாய்."

ஆட்டத்தை நான் பார்க்கவில்லை. பதிவு சரியாக ஓடுகிறதா என்று மட்டும் போய்ப் பார்த்தேன், நான்கு முறை. நான்காவது முறை திரையில் நம் ஆட்கள் ஹெல்மெட்டைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு தலைகுனிந்து நின்றார்கள். ஸ்கோரும் கண்ணில் பட்டுவிட்டது.

ஞாயிறன்று மணிக்கட்டில் ஆஸ்பத்திரிப் பட்டையோடு சோபாவில் உட்கார்ந்திருந்தீர்கள். சொல்லியிருக்க வேண்டும். எனக்குத் துணிச்சல் வரவில்லை. தெரியாதவன் போலவே பார்த்தேன், வழக்கமான இடங்களில் கண்ணை மூடினேன். கடைசியில் நான்கு புள்ளி பின்னால் இருந்தோம். எல்லைக்கு எட்டு கஜம், கடைசி சான்ஸ். நீங்கள் ஒரு துண்டை எடுத்து என் கையில் வைத்தீர்கள்.

"இப்பவே சாப்பிடுங்க சார்."

"இன்னும் பாயிண்ட் வரலையே, பாய்?"

"பரவால்ல, சாப்பிடுங்க."

வந்துவிடும் என்ற நம்பிக்கையில் உங்கள் விதியை நீங்களே மீறுகிறீர்கள் என்று நினைத்தேன். வாங்கிச் சாப்பிட்டேன். பந்து கை தவறி விழுந்தது. "அடுத்த சீசன் பாத்துக்கலாம் சார்" என்றீர்கள். குளிர் முடிவதற்குள் போய்விட்டீர்கள். நாம் சேர்ந்து பார்த்த கடைசி ஆட்டத்தில் உங்கள் பக்கத்தில் ஒரு பொய்யோடு உட்கார்ந்திருந்தேன் என்பது இத்தனை மாதமாக உறுத்திக்கொண்டே இருக்கிறது.

இதுவரை எழுதிவிட்டு, டப்பாவை வெறுமனே திருப்பித் தரக்கூடாதென்று முறுக்கு நிரப்பி எடுத்துக்கொண்டு உங்கள் வீட்டுக்குப் போனேன். உங்களிடம் சொல்லாததை உங்கள் வீட்டம்மாவிடம் சொன்னேன். முதலில் சிரித்தார்கள். அப்புறம் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

"என்னண்ணே நீங்க! அவுக ஆஸ்பத்திரியிலேயே முழு மேட்சும் பாத்துட்டாக. நர்ஸ் வந்து டிவிய நிறுத்தச் சொன்னாலும் கேக்கல. வீட்டுக்கு வர்ற வழியில கார்லயே எங்க எல்லாருக்கும் சொல்லிட்டாக: 'சார் சத்தியம் பண்ணிட்டு எனக்காகக் காத்துக்கிட்டிருப்பாரு. எவனும் வாயத் தொறந்துரக் கூடாது.'"

வீட்டுக்கு வந்து நோட்டைப் பிரித்தேன். அந்த வரி என் கையெழுத்திலேயே இருக்கிறது: "எட்டு கஜம். நான்காவது சான்ஸ். புள்ளிக்கு முன் தொதல்." இனிப் புள்ளி வராது என்று தெரிந்துதான் கொடுத்திருக்கிறீர்கள். வரும் வரைக்கும் காத்திருந்தால் எனக்கு அது கிடைத்திருக்காது. நான் நடித்ததும் உங்களுக்குத் தெரிந்திருந்ததா? என் நடிப்பை நினைத்தால், தெரிந்திருக்கும் என்றுதான் தோன்றுகிறது.

இன்றைய ஆட்டம் தொடங்க இன்னும் ஒரு மணி நேரம் இருக்கிறது. நோட்டில் தேதி போட்டுவிட்டேன். ஒரு துண்டை இப்போதே சாப்பிட்டும் விட்டேன்.

மேலே வரிசையில் நான்காவதாக எழுதியது தவறு, பாய்.