அந்தப் பாத்தியில் சாம்பல் கொட்டியது நீதான்

பாசமுள்ள அண்ணனுக்கு,

கடிதம் என்றால் அப்படித்தான் தொடங்க வேண்டும் என்பதால் 'பாசமுள்ள' என்று போட்டிருக்கிறேன். மற்றபடி உன்மேல் இருக்கிற கோபம் கொஞ்சமும் ஆறவில்லை. போனவரைப் பற்றி நல்லதுதான் பேச வேண்டும் என்று துக்கத்துக்கு வந்தவர்கள் எல்லாரும் சொன்னார்கள். அவர்கள் யாரும் உன்னோடு ஒரே வீட்டில் இருந்து பார்க்கவில்லையே.

கோத்தகிரித் தேயிலை ஃபாக்டரியில் காலம் முழுக்க வேலை பார்த்துவிட்டுப் பாறசாலைக்குத் திரும்பியபோது நீ என்ன கொண்டுவந்தாய்? தங்கச்சிக்கு ஒரு கம்பளியாவது உண்டா? தொட்டியில் இரண்டு ஃபெய்ஜோவாக் கன்றுகள். கொய்யா மாதிரி இருக்கும், அன்னாசி மாதிரி மணக்கும், பூவின் இதழைக்கூடத் தின்னலாம் என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் அளந்தாய். "அது குளுருல காய்க்கிற மரமாக்கும். இஞ்ச பூத்தாலும் காய்க்காது" என்றேன். "நீ கண்டியா?" என்று கேட்டாய். நான் காணவில்லைதான். ஆனால் நம்மூர் வெயிலைக் கண்டிருக்கிறேன்.

சரி, நட்டுத் தொலை. வீட்டுக்குத் தெற்கே நான் மிளகாயும் வழுதலங்காயும் போட்டிருந்த இடம்தானா கிடைத்தது உனக்கு? என் வீட்டுக்காரர் இறந்தபிறகு இந்த வீட்டுக்குத் திரும்பி வந்த எனக்கென்று இருந்தது அந்த ஒரு துண்டு மண்தான். வெயில் நன்றாக விழுகிற இடம் அதுதான் என்று சொல்லி, காய்த்துக்கொண்டிருந்த செடிகளைப் பிடுங்கி எறிந்தாய்.

அதன்பிறகு மண்ணைத் தயார் செய்தாயே, அதையும் சொல்லத்தான் வேண்டும். பாரை போட்டு வெட்டுக்கல்லை உடைத்தாய். கல் பொறுக்கினாய். ஒற்றசேகரமங்கலத்திலிருந்து சாணகம் வரவழைத்து, மக்கின இலையோடு கலந்து, தண்ணீர் தேங்கக் கூடாதென்று மேடு கட்டினாய். கிருஷிபவன் விவசாய ஆபீசில் மண்ணைப் பரிசோதித்து, அவர்கள் சொன்ன அளவுக்குச் சுண்ணாம்பு போட்டாய். கன்றைத் தொட்டியிலேயே வைத்துவிட்டு, ஒரு மழையும் ஒரு வேனலும் அந்தப் பாத்தியைச் சும்மா ஆறப் போட்டாய். உன் தலைக்கு எண்ணெய் வைக்க மறந்தாலும் அதற்கு இலை மூட மறக்கமாட்டாய்.

அதில் ஒரு நாள் நான் ஒரு சிரட்டை அடுப்புச் சாம்பலைக் கொட்டினேன். செடி மூட்டில் சாம்பல் போடாத பெண் இந்த ஊரில் யார்? நீ முற்றத்தில் நின்று அலறினாய். "எட்டீ, மண்ணு இப்பந்தான் பாகமாச்சு. சுண்ணாம்பு போட்டதுக்கு மேல சாம்பலும் போட்டா செடி பிடிக்குமா? உனக்கு ஏதாவது விவரம் உண்டா?"

அக்கம்பக்கம் முழுக்கக் கேட்டது. அன்றோடு பேச்சையும் நிறுத்தினாய். பால்காரரிடம், "கறியில உப்பு இல்லண்ணு அவகிட்ட சொல்லும்" என்பாய். நான் இரண்டடி தள்ளித்தான் நின்றுகொண்டிருப்பேன்.

பிறகு ஒரு நாள் கிணற்றடியில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாய். ஆட்டோவில் உன் தலை என் மடியில் இருந்தது. அப்போதாவது என்னைப் பார்த்து ஒரு வார்த்தை சொன்னாயா? ஆட்டோ ஓட்டியவரிடம் சொன்னாய்: "செடிக்கு வெள்ளம் ஊத்தணும்ணு அவகிட்ட சொல்லணும்." அவர் பாவம், திரும்பி என்னைப் பார்த்தார். ஆசுபத்திரி வருமுன் நீ போய்விட்டாய். சண்டையைப் பாதியில் விட்டுவிட்டுப் போக உனக்கு எப்படி மனசு வந்தது?

மற்றதையும் கேள். சிதை வைக்கக் காரோடு ஊரிலிருந்து பெரியப்பா மகன் வந்து வளவைச் சுற்றிப் பார்த்தார். வளவுக்குள்ளேயே தெற்குப் பக்கம் எரிப்பதுதான் நம் வழக்கம். அங்கே கல்லும் மரமும் இல்லாத இடம் ஒன்றே ஒன்றுதான், நீ காலியாக்கிப் போட்ட பாத்தி. வேண்டாம் என்று சொல்ல வாயெடுத்தேன். யார் கேட்டார்கள்? ஒரு சிரட்டைச் சாம்பலுக்கு என்னைக் கிழித்தவனே, இப்போது பாத்தி நிறையச் சாம்பல் கொட்டியது யார்?

எலும்பைக் கடலில் கரைத்த அன்று அவர் ஒரு தென்னம்பிள்ளையோடு வந்தார். எரித்த இடத்தில் தென்னை வைப்பதுதானே நம் பக்கத்து முறை.

"மக்கா, குழி எடுக்கட்டா?"

"அங்க வைக்க அண்ணனுக்க செடி உண்டு."

"அந்த மலைச்செடியா? அது இஞ்ச காய்க்குமா?"

"காய்க்காது."

"பின்ன எதுக்கு?"

"காய்க்காதுண்ணு அண்ணனுக்குத் தெரியண்டாமா?"

தென்னையை வேலியோரம் நட்டுவிட்டுப் போனவர்தான், இன்னும் எனக்கு முகம் கொடுக்கவில்லை. உன் புண்ணியத்தில் இன்னொரு சண்டை.

பிறகு நானே மண்ணை எடுத்துக்கொண்டு கிருஷிபவனுக்குப் போனேன். அங்கிருந்த பெண், சாம்பல் ரொம்பக் கூடிவிட்டது, இப்போது நட்டால் கன்று பிடிக்காது, வைகாசியில் இறங்கும் இடவப்பாதி மழை பெய்து கழுவிப் போகட்டும் என்றாள். சாம்பல் விஷயத்தில் நீ சொன்னதுதான் சரி. போதுமா?

அதனால் இரண்டு கன்றும் இன்னும் தொட்டியில்தான் இருக்கின்றன. காலையில் வெயிலுக்கு இழுக்கிறேன், உச்சியில் நிழலுக்கு இழுக்கிறேன். முதுகு ஒடிகிறது. அந்த ஆட்டோக்காரர் சந்தையில் கண்டால், "அக்கா, செடிக்கு வெள்ளம் ஊத்துதீங்களா?" என்று விசாரிக்கிறார். யாரோ ஒருவருக்குக் கேட்க வாய் வருகிறது. உனக்கு ஏன் வரவில்லை?

மழை இறங்கட்டும். சாணகமும் இலையும் புதிதாகப் போட்டு, உன் மேட்டில் இரண்டையும் நடுவேன். இது என் வாக்கு. பூத்தால் இதழைத் தின்று பார்ப்பேன். வருஷா வருஷம் பக்கத்தில் நின்று, "காய்க்கேல, கண்டியா?" என்று உரக்கச் சொல்வேன். தப்பித்தவறிக் காய்த்துவிட்டால், முதல் பழத்தை உனக்குப் படைக்க மாட்டேன். நானே தின்பேன். எப்படி இருந்தது என்று தெரிய வேண்டுமானால் நீதான் கேட்க வேண்டும். வேறு யாரிடமும் சொல்லி விடாமல், என்னிடம், நேராக.

இப்படிக்கு,
இரண்டடி தள்ளி இன்னும் நின்றுகொண்டிருக்கும் உன் தங்கச்சி,
சரசம்