எந்தக் கப்பலில் வந்தீர்கள்

3 ஆகஸ்ட் 2025, ஞாயிறு

மிளகு மூட்டையில் பாதிக்குப் பாதி பப்பாளி விதை. முப்பது வருஷமாக ரங்கூன் பபேடானில் நாட்டு மருந்துக் கடை வைத்திருப்பவளுக்கே மொத்த வியாபாரி இப்படி அனுப்புகிறான் என்றால் மற்றவர்களுக்கு என்னத்தை அனுப்புவானோ. அவிழ்த்த மூட்டையை அப்படியே திருப்பி அனுப்பினேன். "கொஞ்சம் பொறுமையாப் பேசியிருக்கலாம் பாமா" என்றார் இவர். என் வீட்டுக்காரர் செல்லையாவுக்கு வெளுத்ததெல்லாம் பால். கட்டிக்கொண்டு வந்த நாளிலிருந்து பார்க்கிறேன்.

ஏழரைக்கு மகள் தமிழ்மணி கூப்பிட்டாள். போய் ஐந்து வாரம் ஆகிறது. ரரடோங்கா என்று பசிபிக் கடலில் ஒரு பொட்டுத் தீவு. சுற்றுலாக்காரர்களை மலைப்பாதையில் நடத்திக் கூட்டிப்போய் மரம், செடி, பழைய கதை எல்லாம் சொல்லுகிற வேலை. இப்போதைக்கு உதவியாள், பழகினால் வழிகாட்டி. பட்டாளத்துக்குப் பெண்களையும் கட்டாயமாக எடுப்பார்கள் என்ற பேச்சு வந்ததும் பயந்துபோய் அனுப்பியவள் நான்தான். ஏஜெண்டு சிவநாதன் ஏற்பாடு.

"இங்க இன்னும் சனிக்கிழமைம்மா" என்கிறாள். ஞாயிற்றுக்கிழமை காலையில் கூப்பிட்டு சனிக்கிழமை என்கிறாள். இவர் காலண்டரைக் காட்டி ஏதோ விளக்கினார். சரி என்றேன். மனசு சரி என்று சொல்லவில்லை.

6 ஆகஸ்ட், புதன்

படம் அனுப்பியிருக்கிறாள், பதினோரு படம். "அம்மா, இந்த மரமெல்லாம் பாரு, உனக்குப் பிடிக்கும்."

பார்த்தேன். கண்ணாடி போட்டுப் பார்த்தேன். ஒன்று நுணா, காயோடு. ஒன்று புன்னை. ஒன்று பூவரசு. அப்புறம் சேம்பு, மஞ்சள், ஈரப்பலா, வாழை. காட்டு இஞ்சி கூட இருக்கிறது, அந்தச் சிவப்புப் பூவை எங்கே பார்த்தாலும் எனக்குத் தெரியும். உலகத்தின் அந்தக் கோடியில், நாலு பக்கமும் ஆயிரக்கணக்கான மைல் கடல் என்றாளே. அங்கே எப்படி என் கடை அலமாரி முளைத்தது?

இங்கே ஆற்றுக்கு அக்கரையில் தன்லியின் ஊர்ப் பக்கம் போனால் இத்தனையும் ஒரே தோட்டத்தில் பார்க்கலாம். தாய்லாந்து எல்லைப் பக்கம் போனாலும் பார்க்கலாம்.

இவரிடம் சொல்லவில்லை. சொன்னால் சிரிப்பார்.

9 ஆகஸ்ட், சனி

உஸாமா கடைக்கு வந்தான், அவன் அம்மாவுக்குத் திப்பிலி வாங்க. பக்கத்துக் கட்டடத்துப் பையன்தான். இரண்டு வருஷத்துக்கு முன்னால் பாங்காக் ஓட்டலில் வேலை என்று போனவனை எல்லையில் ஒரு மோசடிக் கம்பெனியில் அடைத்து வைத்து, ஏழு மாசம் கழித்துத்தான் விட்டார்கள். இப்போதும் யாராவது கதவைச் சாத்தினால் திரும்பிப் பார்க்கிறான்.

படத்தைக் காட்டினேன். வெகுநேரம் பார்த்தான்.

"நானும் வீட்டுக்கு ஓட்டல் படம்தான் அனுப்பினேன் ஆன்ட்டி. அவங்க குடுக்கிற படம். எங்கம்மா பக்கத்து வீட்டுக்கெல்லாம் காட்டிச் சந்தோஷப்பட்டாங்க."

"பேசும்போது?"

"பேசும்போது ஒருத்தன் பக்கத்துல நிப்பான். நம்ம கண்ணு அவன் பக்கம் போகும். அதை மட்டும் பாருங்க."

திப்பிலியை எடை போட மறந்து அள்ளிக் கொடுத்துவிட்டேன்.

10 ஆகஸ்ட், ஞாயிறு

பார்த்தேன். மூன்று தடவை கண் இடது பக்கம் போனது.

13 ஆகஸ்ட், புதன்

இரண்டு நாளாகச் சோறு இறங்கவில்லை. நேற்று பேசும்போது பக்கத்தில் யாரோ என்னவோ சொன்னார்கள், அவள் அதைத் திருப்பிச் சொல்லிப் பார்த்தாள், புரியாத பாஷையில். "யாருடி அது?" என்றேன். "மிரியாமான்னு ஒருத்தங்கம்மா, எனக்கு வேலை சொல்லிக் குடுக்கிறவங்க." "காட்டு" என்றேன். "குளிச்சிட்டு வந்திருக்காங்க, அப்புறம் காட்டுறேன்." அப்புறமாம்.

இவர், "குரல் பொம்பளைக் குரலாத்தானே இருக்கு" என்கிறார். பொம்பளை கெடுதல் செய்ய மாட்டாளா? இவர் அக்காவை இவருக்கு இன்னும் தெரியவில்லை.

17 ஆகஸ்ட், ஞாயிறு

இன்றைக்குக் கேட்டாளே ஒரு கேள்வி.

"அம்மா, தாத்தாவோட அப்பா ரங்கூனுக்கு எந்தக் கப்பல்ல வந்தாரு? நம்ம ஊரு மலை என்ன, ஆறு என்ன?"

"எதுக்கு?"

"மிரியாமா கேக்குறாங்க. மலைக்குக் கூட்டிப்போறவங்க எல்லாரும் சொல்லணுமாம். என் மலை இது, என் ஆறு இது, என் முன்னோர் இந்தப் படகுல வந்தாங்கன்னு. அது சொல்லாம வழிகாட்டியா நிக்க முடியாதாம்மா. அவங்க குடும்ப வழக்கம்."

மலைப்பாதையில் நடப்பதற்குக் கப்பல் எதற்கு? எங்கள் வயதுக்காரர்கள் யாரையாவது கேட்டுப் பார்க்கட்டும், எந்தக் கப்பலில் வந்தாய் என்று இந்த ஊரில் யார், எதற்குக் கேட்பார்கள் என்று. அடையாள அட்டை எடுக்கப் போன இடத்தில் கேட்டார்கள். ஸ்கூலில் சேர்க்கப் போன இடத்தில் கேட்டார்கள். எந்த வருஷம், எந்தக் கப்பல். அதாவது, எப்போது திரும்பப் போகிறாய். அறுபதுகளில் எங்கள் தெருவில் பாதிப் பேர் அப்படித்தான் இந்தியாவுக்குத் திரும்பிப் போனார்கள். அப்பா எனக்குச் சொல்லிக் கொடுத்த முதல் பாடமே அதுதான். "கப்பல்ங்கிற வார்த்தை வாயில வரக்கூடாது பாமா. இங்கதான் பொறந்தோம், இங்கதான் இருக்கோம், அவ்வளவுதான்." தமிழ்மணியிடம் நானும் சொன்னதில்லை. அவளுக்குத் தெரியாததால்தான் கேட்கிறாள். அல்லது, யாரோ கேட்கச் சொல்கிறார்கள்.

எதிரே புதுசாக வந்த ஊதுபத்திப் பெட்டி இருந்தது. "பச்சைக்கிளி" என்றேன். "கப்பல் பேரு பச்சைக்கிளி. மலை திருப்பரங்குன்றம். ஆறு காவிரி."

"பச்சைக்கிளியா? எவ்ளோ நல்லா இருக்கும்மா" என்றாள். எழுதிக்கொண்டாள். என் பிள்ளையிடம் கூசாமல் பொய் சொல்லிவிட்டுக் கடையைத் திறந்தேன்.

18 ஆகஸ்ட், திங்கள்

உஸாமாவிடம் சொன்னேன். "நல்ல வேளை சொல்லல ஆன்ட்டி. தாத்தா பேரு, ஊரு பேரு, இதெல்லாம்தான் முதல்ல கேட்டு வாங்குவாங்க" என்றான்.

நேரே சிவநாதன் ஆபீசுக்குப் போனேன். கட்டியிருந்த கடைச் சேலையோடு, மழையில். படிக்கட்டில் நின்றே கத்தினேன். எம் பொண்ணை எங்க வித்தே என்று கேட்டேன். ஆமாம், அப்படித்தான் கேட்டேன். உள்ளே இரண்டு பெண்கள் பாஸ்போர்ட்டோடு உட்கார்ந்திருந்தார்கள், எழுந்து போய்விட்டார்கள்.

அவர் ஒப்பந்தக் காகிதத்தை எடுத்து நீட்டினார். காகிதம் யார் வேண்டுமானாலும் அடிக்கலாம், என் காதில் பூ சுற்றாதீர்கள் என்றேன்.

"அக்கா, என்னைய நம்ப வேணாம்" என்றார். "அந்தப் புள்ள சொல்றதையாவது நம்புங்க."

அழுதுகொண்டே வந்தேன். சின்னப் பிள்ளை மாதிரி.

24 ஆகஸ்ட், ஞாயிறு

மரங்களைப் பற்றிய சந்தேகத்தைச் சொன்னதும் இவர் இன்று கோபப்பட்டார். இருபத்தாறு வருஷத்தில் நாலாவது தடவை இருக்கும். "நீ கேக்க மாட்டேன்னா நான் கேக்கிறேன்" என்று போனைப் பிடுங்கி, மரங்களைப் பற்றி அவளிடமே கேட்டுவிட்டார்.

அவள் சிரிக்கவில்லை. "அதுதாம்மா இங்க நடையில முதல் கதையே" என்றாள். இந்தத் தீவு மக்களும் அங்கே முளைத்தவர்கள் இல்லையாம். ஆசியாப் பக்கத்திலிருந்து தலைமுறை தலைமுறையாகத் தீவு தீவாகப் படகில் நகர்ந்து வந்தவர்களாம். வரும்போது நுணா, மஞ்சள், சேம்பு, ஈரப்பலா எல்லாவற்றையும் வேரில் ஈர நாரைச் சுற்றி, உப்புத்தண்ணி படாமல் மடியில் வைத்துக் கொண்டுவந்தார்களாம். "நுணாவை அவங்க மருந்துக்குத்தான் வச்சிருக்காங்க. உன் கடையில இருக்கிறதெல்லாம் இங்க மலையில இருக்கு. நடக்க வர்றவங்ககிட்ட உன்னைப் பத்தித்தான் சொல்றேன்."

நன்றாகத்தான் இருந்தது கேட்க. சொல்லிக்கொடுத்த கதையும் நன்றாகத்தான் இருக்கும்.

ஆனால் ஒன்று. நுணாப் பழத்தின் நாற்றத்தைப் பற்றிச் சொல்லும்போது மூக்கைச் சுருக்கினாள். அதை யாரும் சொல்லிக்கொடுத்திருக்க முடியாது.

27 ஆகஸ்ட், புதன்

வருகிற சனிக்கிழமை அவள் முதல் தடவையாகத் தனியே நடை கூட்டிப்போகிறாளாம். இறங்கி வந்ததும் ஊர்க்காரர்கள் முன்னால் நின்று தன் மலை, ஆறு, கப்பல் எல்லாம் சொல்லுகிறாளாம். "வீடியோ அனுப்புறேன், பாரு."

31 ஆகஸ்ட், ஞாயிறு

வந்தது. ஆறு நிமிஷம். இணையம் விட்டு விட்டு வந்து முழுதும் இறங்க இரண்டு மணி நேரம் ஆயிற்று.

பின்னால் மலை. பச்சைப் பசேல் என்று, உச்சியில் ஊசி மாதிரி ஒரு பாறை. நாற்பது பேர் இருப்பார்கள். வெள்ளைக்காரர்கள், குழந்தைகள், காலில் சேறு. நடுவில் பருமனான ஒரு பொம்பளை, தலையில் பூமாலை, அறுபது வயது இருக்கும். அவள்தான் மிரியாமா. அந்தப் பாறைக்கும் அந்தச் சேற்றுக்கும் எல்லையில் யாரும் செட்டுப் போட முடியாது. என் பிள்ளை பத்திரமாக இருக்கிறாள். பிள்ளையாரப்பா. இவர் தோளில் சாய்ந்துகொண்டேன்.

அப்புறம் தமிழ்மணி செருப்பில்லாமல் முன்னால் வந்து நின்றாள். நான் அவளை அப்படிப் பார்த்ததே இல்லை, அவ்வளவு நிமிர்ந்து. முதலில் தமிழில் சொன்னாள். "என் மலை திருப்பரங்குன்றம். என் ஆறு காவிரி. என் முன்னோர் பச்சைக்கிளிங்கிற கப்பல்ல கடல் தாண்டி வந்தாங்க."

ஒவ்வொன்றுக்கும் நாற்பது பேரும் சேர்ந்து திருப்பிச் சொன்னார்கள். "பச்சகிளீ." மிரியாமா கண்ணைத் துடைத்தாள். அந்தப் பேரைச் சேர்த்துப் பாட்டே பாடினார்கள்.

இவர், "அது எந்தக் கப்பல் பாமா?" என்றார். ஊதுபத்திப் பெட்டியைக் காட்டினேன். எழுந்து வெளியே போய்விட்டார்.

1 செப்டம்பர், திங்கள்

மறைத்துவிடலாம். யாருக்குத் தெரியப் போகிறது? அங்கே இருப்பவர்களுக்குத் திருப்பரங்குன்றமும் ஒன்று, நம் ஷ்வேடகோன் பகோடாவும் ஒன்று.

இல்லை. அவள் அதைத் தன் பிள்ளைக்கும் சொல்லுவாள்.

2 செப்டம்பர், செவ்வாய்

சொன்னேன். சொல்லித் தொலைத்தேன். தமிழ்மணி, அது பொய்டி, எனக்குப் பயம், உன்னை எங்கியோ அடைச்சு வச்சிருக்காங்கன்னு நெனச்சேன், வாய்க்கு வந்ததைச் சொல்லிட்டேன்.

அப்புறம் மெதுவாகச் சொன்னாள். "நாப்பது பேரு எங்கூடச் சேர்ந்து ஊதுபத்தி பேரைச் சொன்னாங்கம்மா."

வைத்துவிட்டாள்.

3 செப்டம்பர்

கூப்பிடவில்லை.

5 செப்டம்பர்

இல்லை. இவர் அனுப்பியதற்கு "நல்லா இருக்கேன்ப்பா" என்று பதில். எனக்கு இல்லை.

6 செப்டம்பர், சனி

சிவநாதன் ஆபீசுக்குப் போய் அதே படிக்கட்டில் நின்று மன்னிப்புக் கேட்டேன். எழுந்து போன அந்த இரண்டு பெண்களும் திரும்பி வரவே இல்லையாம். "பரவால்லக்கா" என்றார். முகம் அப்படிச் சொல்லவில்லை. அவர்கள் விலாசம் கேட்டேன். ஒன்று தின்கன்ஜூன். நாளைக்கே போய் வீடியோவைக் காட்ட வேண்டும்.

8 செப்டம்பர், திங்கள்

கூப்பிட்டாள். குரலில் இன்னும் வெக்கை இருந்தது.

"மிரியாமாகிட்ட சொல்லிட்டேன்."

"என்ன சொன்னாங்க?"

"திட்டல. உங்கம்மாவை அந்தக் கேள்வி கேட்டு யாரு மிரட்டினாங்கன்னு கேட்டாங்க." அவளே தொடர்ந்தாள். "எனக்கு அது தோணவே இல்லம்மா."

அப்போதுதான் எல்லாவற்றையும் சொன்னேன். அட்டை, ஸ்கூல், அப்பா சொன்னது, தெருவில் காலியான வீடுகள். இருபத்து நாலு வயதுப் பெண்ணுக்கு இதை முதல் தடவையாகச் சொல்லுகிறேன். கேட்டுக்கொண்டே இருந்தாள்.

"சரி, உண்மையான கப்பல் பேரைச் சொல்லு" என்றாள். சொல்லப் போனேன். "வேணாம், இரு. தப்பாச் சொன்னதை அங்கேயே நின்னு மாத்தணுமாம். அவங்க முன்னாடி நீயே சொல்லு. சனிக்கிழமை நடை முடிஞ்சதும் போனைப் புடிக்கிறேன். உனக்கு ஞாயிறு காலையில அஞ்சரை."

நாற்பது பேர் முன்னாலா? நானா? உஸாமா கேட்டால் தலையில் அடித்துக்கொள்வான்.

14 செப்டம்பர், ஞாயிறு

நாலரைக்கே எழுந்து குளித்தேன். கல்யாணத்துக்குக் கட்டுகிற பட்டுத் தமெயின் லுங்கியைக் கட்டிக்கொண்டேன். இவர் போனைப் புத்தக அடுக்கின் மேல் சாய்த்து வைத்தார்.

திரையில் அவர்கள் எல்லோரும் புல்லில் உட்கார்ந்திருந்தார்கள். நல்ல வெயில். இங்கே மழை. தமிழ்மணி, "பேசும்மா, நான் அவங்க பாஷையில சொல்றேன்" என்றாள். அப்பா நினைவு வந்தது. மன்னிச்சுக்குங்கப்பா என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டேன்.

"போன தடவை எம் பொண்ணு சொன்னது தப்பு. தப்பு அவ மேல இல்ல, எம் மேல. எனக்குப் பயம். எங்க மலை பிரான்மலை. எங்க ஆறு பாலாறு. எங்க தாத்தா சொக்கலிங்கம், எல்கோராங்கிற கப்பல்ல, மேல்தட்டுல மழையிலயும் வெயிலிலயும் படுத்து வந்தாரு. ரங்கூன் துறைமுகத்துல மூட்டை தூக்கினாரு."

எல்கோரா என்றார்கள். நான் சொல்லி யாரும் கேட்டிராத பேரை, சத்தமாக, ஒன்றாக. சொக்கலிங்கம் மட்டும் அவர்கள் வாயில் வரவில்லை. மூன்று தடவை முயற்சி செய்தார்கள், குழந்தைகள் சிரித்துவிட்டன, நானும் சிரித்துவிட்டேன்.

மிரியாமா ஏதோ கேட்டாள். "உன் பேரைச் சொல்லவே இல்லியாம்மா" என்றாள் தமிழ்மணி. சத்யபாமா என்றேன். அதையும் சொன்னார்கள். தமிழ்மணி அழுதுகொண்டிருந்தாள், போன் ஆடியது.

முடிந்த பிறகுதான் பார்த்தேன், தெருப் பக்கத்து ஜன்னல் திறந்தே கிடந்தது. என் குரல் எதிர் மாடி வரைக்கும் போயிருக்கும், கப்பல் பேர் உள்பட. இவர் அவசரமாக மூடப் போனார்.

இருக்கட்டும் என்றேன்.