எமிகோவிடம் சொன்ன கதை

பெப்ரவரி 3, சனி

பியர்பொன்ட்ஸ் நூலகத்தில் எமிகோ என்ற ஜப்பானியப் பெண்மணி படக்கதை சொன்னார். மரச்சட்டத்துக்குள் இருந்து அட்டைகளை ஒவ்வொன்றாக இழுக்க இழுக்கக் கதை நகர்கிறது. உலகப் போரின்போது கனடா அரசாங்கம் அவருடைய பாட்டனின் மீன்பிடி வள்ளத்தைப் பறித்து, குடும்பத்தையே மலைப்பக்க முகாமில் வைத்ததாம். பிறகுதான் இங்கே மொன்றியலுக்கு வந்தார்களாம். என் கணவர் றெக்ஸ் அசையாமல் இருந்தார். துறைமுகத்தில் கிழமை முழுக்க லொறி ஓடிய களைப்பு என்று நினைத்தேன்.

பெப்ரவரி 10

இன்றும் போனோம். கதை முடிந்தபின் இவர் அவளோடு முக்கால் மணித்தியாலம் பேசினார். நான் கோட்டைப் போட்டுக்கொண்டு வாசலில் நின்று வேர்த்தேன்.

பெப்ரவரி 11

ஞாயிறு பூசைக்குப் போகும் வழியில் தானாகவே சொன்னார். ஊரில், பேசாலையில், தன் அப்பாவின் வள்ளம் எரிந்த கதையை எமிகோவிடம் சொன்னாராம். கல்யாணம் கட்டிப் பதினாலு வருஷம் – எத்தனை தரம் கேட்டிருப்பேன்? ஒவ்வொரு தரமும் பேச்சை மாற்றிவிடுவார். அவளுக்கு மட்டும் இரண்டே சனிக்கிழமை போதுமா?

பெப்ரவரி 17

வயிறு எரியுது. வேறொன்றும் எழுத இல்லை.

மார்ச் 2

அடுத்த மாதம் இவரையே கதை சொல்ல எமிகோ அழைத்திருக்கிறாள். அதற்காகக் கீறிய அட்டைகளை அலுமாரிக்குப் பின்னால் வைத்திருக்கிறார். எடுத்துப் பார்த்தேன். முதல் படத்தில் எமிகோ, சிவப்புக் கோட்டோடு. திருப்பினால் முதுகில் பிரெஞ்சில் இவருடைய கையெழுத்து: ‘இவளோடுதான் திரும்பவும் வீடு என்று சொல்லப் பழகினேன்.’

இரண்டு தரம் வாசித்தேன். என்ர வீட்டில இருந்துகொண்டு இதை எழுத இவருக்கு எப்பிடி மனம் வந்தது?

மார்ச் 3

அட்டையை அவர் முன்னால் எறிந்தேன். “ஆர் அந்த இவள்?”

அவர் பதறவில்லை. சட்டத்தை மேசையில் வைத்து என்னை எதிரே இருக்கச் சொன்னார். எமிகோவின் படத்தை இழுத்துக் கடைசியில் செருகினார். அப்போதுதான் அதன் முதுகு அவர் பக்கம் வரும். அதிலுள்ள வரியை வாசிப்பார். அந்த நேரம் எனக்கு முன்னால் தெரிவது அடுத்த படம்; அந்த வரியும் அதற்குரியதுதான்.

அடுத்த படத்தில் நான். எங்கள் வாசலில் பனி அள்ளிக்கொண்டு நிற்கிறேன். மூக்கைப் பெரிதாகத்தான் கீறியிருக்கிறார்.

வெட்கத்தை மறைக்க, ஏன் அவளிடம் முதலில் சொன்னீர்கள் என்று பாய்ந்தேன்.

“பிரெஞ்சில சொன்னா ஆருக்கோ நடந்த மாதிரி இருக்கு. தமிழில வாயைத் திறந்தா அழுதிடுவன்” என்றார்.

மார்ச் 9

இன்று எனக்குத் தமிழில் சொன்னார். வள்ளத்தில் நெருப்புப் பிடித்த இடத்தில் குரல் நின்றுவிட்டது. விக்கி விக்கி அழுதார். நான் கையைப் பிடித்துக்கொண்டேன்.

இந்த அழுகையை எமிகோ கண்டிருக்க மாட்டாள். அந்த நேரத்தில் அப்படி நினைக்கக் கூடாதுதான். நினைத்தேன்.