இடக்கை வில்லாளி வாரினுக்கு

அன்பு மகன் வாரினுக்கு அம்மா ஹாவிஸ் சொல்லி எழுதுவது. ஆண்டவர் கிருபையில் நானும் உன் தங்கை சிஸ்லியும் பசுக்களும் குறைவில்லாமல் இருக்கிறோம், நீயும் அந்தப் பிரான்சு தேசத்தில் கைகால் சுகத்தோடு இருக்கிறாய் என்று நம்பித்தான் சொல்கிறேன். எழுதுகிறவர் கோயில் எழுத்தர் ஆஸ்பெர்ட், நான் சொன்னதைத்தான் எழுதுகிறாரா என்று ஒவ்வொரு வரியையும் திரும்பப் படிக்கச் சொல்வதில் அவருக்கு என்மேல் கோபம், இருந்துவிட்டுப் போகட்டும். அறுவடை முடிந்ததும் ராஜாவின் ஆட்கள் வந்து அம்புக்கு வேண்டும் என்று வாத்துக்கு ஆறு இறகு கேட்டார்கள், வாய் ஆறு என்றது, கை எட்டுப் பிடுங்கியது, நான் பக்கத்தில் நின்று எண்ணினேன். உன் அம்புக்குத்தான் போகிறதோ என்னவோ என்று வாயை மூடிக்கொண்டேன்.

விஷயத்துக்கு வருகிறேன். ஒரு மாதத்துக்கு முன் தர்ஸ்டன் என்று ஒருவன் வந்தான். நீங்கள் ரூவான் நகரை வளைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறீர்களாம், இரண்டு வருஷம் உன் தோளோடு தோள் நின்று அம்பு விட்டானாம், வயிற்றுக்கடுப்பு கண்டு ஊருக்கு அனுப்பிவிட்டார்களாம். உன் தோல் கைப்பட்டையை என் மடியில் வைத்தான், நாண் அடித்துக் கை புண்ணாகாமல் இருக்க நான் தைத்துக் கொடுத்ததேதான், என் தையல் எனக்குத் தெரியாதா. "சிஸ்லிய ஒனக்குத்தான் கட்டிவைக்கச் சொல்லுவேன், நான் வர்ற வரைக்கும் நிலத்தையும் நீயே உழுதுக்கன்னு வாரின்தாம்மா சொல்லி அனுப்பிச்சான்" என்றான். ஆள் லட்சணமாக இருக்கிறான், சிஸ்லி அன்றைக்கே மயங்கிவிட்டாள். உழுகிறான், விறகு பிளக்கிறான், என் பட்டாணிக் கஞ்சியைக் குறை சொல்லாமல் குடிக்கிறான், எனக்கு அதுவே சந்தேகம். இருந்தாலும் உன் சொல் என்றானே என்று கோயிலில் கல்யாண அறிவிப்புக்குச் சம்மதித்தேன், மூன்று ஞாயிறு வாசிக்க வேண்டியதில் இரண்டு வாசித்தாகிவிட்டது.

போன ஞாயிறு பூசை முடிந்து ஆண்கள் வழக்கம்போல மைதானத்துக்கு அம்பு பழகப் போனார்கள், இவனும் போனான். உன் பட்டையை இடது கையில் கட்டினான், கொக்கி உள்பக்கம் திரும்பிக்கொண்டு உட்காரவே இல்லை. "வாரின் இத எப்படித்தான் மாட்டினானோ" என்று அவனே சிரித்தான். நீ இடக்கையால் நாண் இழுப்பவன், பட்டையை வில் பிடிக்கிற வலக்கையில் கட்டுபவன், அதற்காகத்தானே கொக்கியை மாற்றித் தைத்தேன். தோளோடு தோள் நின்றவனுக்கு இது தெரியாமல் போகுமா? சிஸ்லியிடம் சொன்னால், "ஒனக்கு யாரப் பாத்தாலும் திருடனாத்தான் தெரியும், போம்மா" என்று அழுகிறாள். வாசலை மறித்துக்கொண்டு அவனையே கேட்டேன், என் பிள்ளை உயிரோடு இருக்கிறானா என்று. "பட்டியல்ல பேரு கூப்பிட்டா 'இருக்கேன்'னு கொரல் வருதேம்மா" என்றான், என் முகத்தைப் பார்க்காமல். முன்பு படையோடு போய்வந்த ஆஸ்பெர்ட் இதை எழுதும்போதே இறகைக் கீழே வைத்துவிட்டார். "அது அத்தாட்சி இல்ல ஹாவிஸ், செத்தவன் பேருக்கு இன்னொருத்தன நிறுத்தி 'இருக்கேன்'னு சொல்ல வைப்பாங்க, தலைக்கு இவ்வளவுன்னு ராஜாகிட்ட சம்பளம் வாங்குறாங்க, தலை கொறையக் கூடாதுல்ல" என்கிறார். அதையும் எழுதச் சொன்னேன்.

வருகிற ஞாயிறு மூன்றாம் அறிவிப்பு. ஊர் என்ன பேசினாலும் எழுந்து நின்று தடை சொல்லப்போகிறேன். பதில் எழுதுவது நீதான் என்று நான் நம்ப, சிவப்புப் பசுவுக்கு நீ வைத்த பெயரை எழுதி அனுப்பு, அது வரும்வரை கல்யாணமும் இல்லை, அவனுக்கு என் நிலமும் இல்லை. கொதிக்க வைக்காத தண்ணீரைக் குடிக்காதே, ஈரக் காலுறையோடு தூங்காதே. கன்னி மரியாள் உன்னைக் காக்கட்டும்.

வாரின் என்று கூப்பிட்டதும் இதை வாங்கிக்கொண்டவன் என் மகன் இல்லை என்றால், தம்பி, நீ யார் பெற்ற பிள்ளையோ, உன்மேல் எனக்குக் கோபம் இல்லை. அவனை எங்கே புதைத்தார்கள் என்று மட்டும் எழுதி அனுப்பு. உன் சொந்தப் பெயரையும் எழுது, உனக்கும் சேர்த்து வேண்டிக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
வாரினைப் பெற்ற
ஹாவிஸ்