ஆலப்புழையில் மூன்று மணி நேரம்

ஆகஸ்ட் 11, 1991, ஞாயிறு

காலையில் சைக்கிளைக் கழற்றி மாட்டினேன். பிரேக் இன்னும் கீச்சென்கிறது. கை கழுவும் நேரத்தில் நரசிம்மன் வந்தான். தொழிலாளர் மன்றத்துக்குச் செயலாளர் ஆனதிலிருந்து ஞாயிற்றுக்கிழமையும் அவனுக்கு டூட்டிதான். கையில் ஒரு கட்டு நோட்டீஸ்.

"ஆயுத பூஜை லீவுல கேரளா டூர் போறோம். பஸ்ஸு, சாப்பாடு, கைடு எல்லாம் உண்டு. குருவாயூர், கொச்சி, ஆலப்புழை, கன்னியாகுமரி. இன்னா பரசு, அண்ணியை இட்டுக்கினு வர்ற இல்ல?"

அமலா காபி கொண்டுவந்தாள். நோட்டீஸை வாங்கிப் படித்தாள். மடித்து டம்ளருக்கு அடியில் வைத்தாள். செடிகளுக்குத் தண்ணீர் ஊற்றிவிட்டு வருகிறேன் என்று வெளியே போனாள்.

வெளியே தூறிக்கொண்டிருந்தது.

ஆகஸ்ட் 13, செவ்வாய்

நரசிம்மனுக்கு அவள் மலையாளி என்று தெரியும். ஆலப்புழை என்று தெரியாது. சொல்லிக்கொள்ளவில்லை.

இங்கே ஸ்ரீபெரும்புதூர் ஆஸ்பத்திரியில் நர்ஸாக வந்து சேர்ந்தாள். நான் மெஷினில் விரலைக் கொடுத்துவிட்டுப் போனேன். தையல் பிரித்த பிறகும் போய்க்கொண்டிருந்தேன். அவள் கிறிஸ்தவப் பெண் என்பதால் எழுபத்துமூன்றில் காஞ்சிபுரத்தில் ரிஜிஸ்டர் கல்யாணம். அவள் அப்பா ஒரே ஒரு கடிதம் போட்டார். இனி இந்தப் பக்கம் வராதே என்று. தங்கை லிஸிக்கு அப்போது பதினேழு வயது. பேசி முடித்திருந்த சம்பந்தம் அக்கா செய்த காரியத்தால் கலைந்துபோனது என்று அதில் எழுதியிருந்தார். அப்பா எழுதிய மற்ற எல்லாவற்றையும் அமலா மறந்திருப்பாள். அந்த ஒரு வரியை மறக்கவில்லை. தங்கைக்கு நாலு கடிதம் எழுதினாள். பதில் இல்லை. பிறகு எழுதவில்லை. அப்பா இறந்ததே, கூட வேலை செய்த ஒரு மலையாளி நர்ஸ் சொல்லித்தான் தெரிந்தது, ஒரு வருஷம் கழித்து. அம்மா அதற்கு முன்பே போய்விட்டார்.

எங்களுக்குப் பிள்ளை இல்லை. அவளுக்கு நான் ஒருவன்தான் சொந்தம் என்று நினைக்கும்போது பெருமையாக இருக்காது. பயமாக இருக்கும்.

ஆகஸ்ட் 18, ஞாயிறு

நோட்டீஸை மறுபடி படித்தேன். 'ஆலப்புழை: இருநூறு ஆண்டுப் பழமையான கால்வாய்களில் படகுச் சவாரி, கலங்கரை விளக்கம், கடல் பாலம். மூன்று மணி நேரம்.'

தனியாகப் போனால் என்ன? ரயில் இருக்கிறது. எத்தனை நாள் வேண்டுமானாலும் இருக்கலாம். ஆனால் இறங்கி எங்கே போவது? கதவைத் தட்ட வேண்டும். தட்டினால் யாராவது திறக்க வேண்டும். திறக்காவிட்டால் அந்தத் தெருவிலேயே திரும்பி நடக்க வேண்டும். அவள் நடப்பாளா?

டூரில் போனால் கூட்டத்தோடு கூட்டம். யாரும் ஏன் வந்தாய் என்று கேட்க மாட்டார்கள். ஆனால் கைடு விசில் ஊதினால் பஸ்ஸில் ஏற வேண்டும்.

பதினெட்டு வருஷத்துக்கு மூன்று மணி நேரம். போதுமா? இதைப் போய் நான் கணக்குப் போடுகிறேனே.

ஆகஸ்ட் 25, ஞாயிறு

கேட்டுவிட்டேன். மீன் அறுத்துக்கொண்டிருந்தாள், அந்த நேரம் பார்த்துக் கேட்டிருக்கக் கூடாது.

"எங்க ஊரை நான் டிக்கெட் வாங்கிப் பாக்கணுமா? ஒருத்தன் மைக்குல சொல்ல, நான் ஆன்னு வாயப் பொளந்து பாக்கணுமா?"

அதற்குமேல் மலையாளம். அவள் மலையாளத்துக்குப் போய்விட்டால் நான் வாயை மூடிக்கொள்வது வழக்கம்.

ஆகஸ்ட் 28, புதன்

பேச்சு இல்லை. ரசத்தில் உப்பும் இல்லை. சொல்லவில்லை.

செப்டம்பர் 8, ஞாயிறு

வல்லக்கோட்டை முருகன் கோயிலுக்குப் போனேன். அவளும் வந்தாள். எப்போதும்போல அவள் உள்ளே வரவில்லை, குளத்துப் படியில் உட்கார்ந்திருந்தாள். விபூதியோடு திரும்பி வந்தபோது தண்ணீரைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்:

"எங்க வூட்டுக்குப் பின்னாடியும் படிதான். படிக்குக் கீழ தோடு."

கல்யாணமான புதிதில் 'தோட்டில் விழுந்துட்டேன்' என்று அவள் சொல்ல, காதில் போடுகிற தோட்டில் எப்படி விழ முடியும் என்று நான் விழித்தது ஞாபகம் வந்தது. கால்வாய்க்கு அவர்கள் ஊரில் அதுதான் பெயர். சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை.

"நாப்பது பேரோட ஒருத்தியா வரேன். போட்டுல இருந்தே பாத்துடுவேன். இறங்க மாட்டேன். நீங்க இறங்குன்னு சொல்லக் கூடாது."

"சொல்ல மாட்டேன்."

"லிஸி அங்க இருந்தாலும்."

"சரிம்மா."

செப்டம்பர் 9, திங்கள்

பெயர் கொடுத்தாயிற்று. விஷயத்தை நரசிம்மனிடம் மட்டும் சொன்னேன். எதற்கும் ஒரு கிண்டல் வைத்திருப்பவன், இன்று பட்டியலில் எங்கள் பெயரை எழுதி, பக்கத்தில் 'ஜன்னல் சீட்டு' என்று போட்டான்.

அக்டோபர் 5, சனி

காஞ்சிபுரத்தில் டூர்க்காரர் கடைக்கே போய்விட்டேன். எல்லப்பன் என்று ஒருவர், அவர்தான் கைடாகவும் வருகிறார். ஆறு வருஷமாகக் கேரளா கூட்டிப் போகிறாராம்.

"ஆலப்புழையில எந்தக் கால்வாய்ல சார் படகு போகும்?"

"தண்ணி கீற கால்வாய்ல சார்."

விடாமல் கேட்டேன். அமலாவின் வீடு மூன்றாவது பாலம் தாண்டி, கிழக்கே. அவர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டு, போகும் போகும் என்றார். நம்பலாமா தெரியவில்லை. வெளியே வந்த பிறகுதான் உறைத்தது, வீடு இருக்கிறதா என்பதே எங்களுக்குத் தெரியாது. லிஸி இருக்கிறாளா என்பதும்.

அக்டோபர் 17, வியாழன்

பூஜை முடிந்தது. இன்று மாலை பஸ். அமலா நாலு புடவை எடுத்து வைத்தாள். எல்லாம் யாரும் திரும்பிப் பார்க்காத நிறம்.

அக்டோபர் 20, ஞாயிறு. கன்னியாகுமரி, லாட்ஜ்

எல்லோரும் சூரிய அஸ்தமனம் பார்க்கப் போயிருக்கிறார்கள். அமலா தூங்குகிறாள். மறப்பதற்குள் எழுதிவிட வேண்டும்.

நேற்று பத்தேமுக்காலுக்கு ஆலப்புழையில் படகு ஏறினோம். படகுக்காரர் எந்த ஊர் என்று கேட்டார். மெட்ராஸ் என்றான் நரசிம்மன். மே மாதம் எங்கள் ஊரில் குண்டு வெடித்ததிலிருந்து வெளியூரில் நாங்கள் எல்லோரும் மெட்ராஸ்தான். உண்மையைச் சொன்னால் பேச்சு அதைத் தாண்டி நகராது.

எல்லப்பன் மைக் பிடித்தார். திருவிதாங்கூர் திவான் ஒருவர் இந்த நகரத்தை உண்டாக்கினார், ஏரியையும் கடலையும் சேர்க்கக் கால்வாய் வெட்டினார், கயிறும் மிளகும் இது வழியாகத்தான் கப்பலுக்குப் போயின. இரண்டு பக்கமும் பழைய கிடங்குகள், சுவரெல்லாம் பாசி. "இது கயித்து குடோன்" என்றார்.

"இல்ல, அது மிளகு. கயிறு அடுத்தது" என்றாள் அமலா, மெதுவாக. முன் சீட்டுக்காரர்கள் திரும்பினார்கள். கொஞ்ச நேரத்தில் மைக்கை விட்டுவிட்டு அவளைத்தான் கேட்டுக்கொண்டிருந்தார்கள். எல்லப்பனும் கேட்டார், கோபித்துக்கொள்ளவில்லை.

இரண்டாவது பாலம் தாண்டியதும் படகு நின்றது. எதிரே ஆகாயத்தாமரை. தண்ணீரே தெரியவில்லை, ஒரு வயலைப்போலக் கிடந்தது. படகுக்காரர் கழியை விட்டுக் குத்திப் பார்த்துத் தலையை ஆட்டினார். "இத்தோட திரும்பிக்கலாம்" என்றார் எல்லப்பன்.

அமலா எழுந்து நின்றாள். படகு ஆடியது, யாரோ கத்தினார்கள்.

"ஏங்க. இறங்கணும்."

நான் வாக்குக் கொடுத்தவன், வாயைத் திறக்கவில்லை. எல்லப்பன்தான் பதறினார். "இன்னாம்மா நீங்க, ரெண்டு மணிக்கு பஸ் எடுக்கணும். லைட் ஹவுஸ் பாக்க வேணாவா?"

நரசிம்மன் எழுந்துவந்து அவர் தோளில் கைபோட்டான். "பஸ்ஸை நான் பாத்துக்கறேன் தலைவா. பஞ்சர் ஆவணும்னா அதுவும் ஆவும். போட்டைக் கரைக்கு வுடு."

கரையோரமாக நடந்தோம். ஒரே சேறு. ஒரு இடத்தில் அவள் செருப்பு மாட்டிக்கொண்டது, அப்படியே விட்டுவிட்டு நடந்தாள். மூன்றாவது பாலம் தாண்டியதும் அந்த ஓட்டு வீடு இருந்தது. பின்படியில் ஒரு பெண் பாத்திரம் விளக்கிக்கொண்டிருந்தாள். கண்ணாடி போட்டிருந்தாள். பார்த்த உடனே எனக்குத் தெரிந்துவிட்டது, நெற்றி அப்படியே அமலா நெற்றி.

வழி தவறிய டூரிஸ்ட்டிடம் கேட்கிற மாதிரி யார் வேண்டும் என்று கேட்டாள். அமலா சேற்றுக் காலோடு நின்றாள். நின்றுகொண்டே இருந்தாள். கடைசியில் நான்தான் சொன்னேன், தமிழிலேயே.

"ஸ்ரீபெரும்புதூர்ல இருந்து வரோம்."

அந்தப் பெண் எழுந்தாள். பாத்திரத்தைப் படியிலேயே போட்டுவிட்டு உள்ளே போய்விட்டாள்.

முடிந்தது என்று நினைத்தேன். அமலா கையைப் பிடித்தேன். ஐயோ, நானாகக் கூட்டிவந்து இப்படி நிற்க வைத்துவிட்டேனே—

லிஸி ஒரு வாளித் தண்ணீரும் துண்டுமாக வந்தாள். அக்காவின் காலடியில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து சேற்றைக் கழுவினாள். ஒரு காலை முடித்துவிட்டு மற்றக் காலைத் தூக்கச் சொல்லிக் கெண்டைக்காலில் ஓர் அடி அடித்தாள். அப்போதுதான் இருவருக்கும் அழுகை வந்தது.

ஐம்பது நிமிஷம் உள்ளே இருந்தோம். லிஸி பேசியதில் எனக்குப் புரிந்ததும், அமலா பஸ்ஸில் சொன்னதும்: கடிதங்களை அப்பா கொடுக்கவே இல்லை. அவர் போன பிறகு தேடினாளாம், கிடைக்கவில்லை. விலாசம் தெரியாது, ஊர்ப் பெயர் மட்டும் தெரியும். மே மாதம் ரேடியோவில் அந்தப் பெயர் வந்ததும் ஓடிப்போய்ப் பேப்பர் வாங்கினாள். செத்தவர்கள் பெயரை ஒவ்வொன்றாகப் படித்தாள். ஒரு வாரம், தினமும். அக்கா நர்ஸ் ஆயிற்றே, கூட்டத்துக்கு டூட்டி போட்டிருப்பார்களோ என்று.

அன்றைக்கு அமலாவுக்குப் பகல் டூட்டி. அதைச் சொல்லத்தான் யாரும் இல்லை.

கலைந்த சம்பந்தத்தைப் பற்றி அமலா ஏதோ கேட்டாள். லிஸி கையை வீசினாள். "அந்த ஆளு குடிச்சே செத்தான் சேச்சி." வாத்தியார் ஒருவரைக் கட்டியிருக்கிறாள். அவர் வெளியே போயிருந்தார். இரண்டு பையன்கள்.

ஆனால் கோபமும் இருந்தது. கிளம்பும்போது வாசலில் நின்று கேட்டாள்: "பதினெட்டு வருஷம். வந்ததுதான் வந்தே, பஸ்ஸுல கூட்டத்தோட வந்து எட்டிப் பாத்துட்டுப் போறதுக்கா?"

பதில் சொல்ல வேண்டியவன் நானும்தான். தலையைக் குனிந்துகொண்டேன்.

படகு எல்லோரோடும் அந்தக் கரையிலேயே எங்களுக்காகக் காத்திருந்தது; பஸ்ஸும் இருபத்தைந்து நிமிஷம் தாமதமாகத்தான் கிளம்பியது. லிஸியின் செருப்பைப் போட்டுக்கொண்டு அமலா ஏறினாள். கலங்கரை விளக்கம் பார்க்க முடியாத நாற்பது பேரில் ஒருவர்கூட முணுமுணுக்கவில்லை. எல்லப்பன் மட்டும் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, "அண்ணே, மிளகு குடோன் எது, கயித்து குடோன் எதுன்னு அண்ணியைக் கேட்டு ஒரு பேப்பர்ல எழுதிக் குடு" என்றார்.

அக்டோபர் 23, புதன்

மன்றத்தில் கருத்துச் சீட்டு கொடுத்தார்கள். சாப்பாடு: பரவாயில்லை. பஸ்: நன்று. கைடு: மிக நன்று. குறைகள் என்ற இடத்தில் 'ஆலப்புழையில் நேரம் போதவில்லை' என்று எழுதிக் கொடுத்தேன்.

நவம்பர் 9, சனி

கடிதம் வந்தது, நாலு பக்கம். அமலா படித்துத் தமிழில் சொன்னாள். நடுவில் ஒரு பக்கத்தைச் சத்தம் போடாமல் படித்தாள். என்ன என்றேன். "அது உங்களுக்கு இல்ல" என்றாள்.

டிசம்பர் 26, வியாழன்

லிஸி வந்து மூன்று நாள் ஆகிறது. தனியாகவே ரயிலேறி வந்தாள். இந்த ஊர்த் தண்ணீர் சோப்பில் நுரைக்கவில்லை, அரிசி பொடிசு, அக்கா மீன்குழம்பையே மறந்துவிட்டாள் என்று காலையிலிருந்து குறை. சமையலறையில் இருவருக்கும் சண்டை, மலையாளத்தில். அமலா இவ்வளவு வேகமாகப் பேசி நான் கேட்டதே இல்லை. பாதி புரியவில்லை.

இரண்டு தரம் டீ கேட்டேன். யார் காதிலும் விழவில்லை. மெதுவாக உள்ளே போய், நடுவில் கையை விட்டு, நானே போட்டுக்கொண்டு வந்தேன்.